கண்ணாடியை எங்கே வைப்பது

அன்புள்ள மாலதி,

உன் உடலையே வரையப்போகிறாய் என்று படித்ததும் அத்தனை சந்தோஷம். வண்ணம் எடுக்குமுன் ஒன்றை முடிவு செய்துகொள்: இந்த உடலை எங்கிருந்து பார்க்கிறோம்? ஜெர்மன் ஓவியர் பவுலா மோடர்சோன்-பெக்கர் 1906-இல் அரை நிர்வாணமாகத் தன்னை வரைந்தபோது நேருக்கு நேர் நின்றார். அமெரிக்க ஓவியர் ஜோன் செம்மல் 1974-இல் 'மீ வித்தவுட் மிரர்ஸ்' (கண்ணாடிகள் இல்லாமல் நான்) படத்தில் கண்ணாடியையே விட்டுவிட்டார். குனிந்து பார்த்தால் தெரிகிற உடல் அது: முகம் கிடையாது, அருகில் இருப்பது பெரிது, கால் தூரத்தில் குறுகிப் போகும். அழகுபார்க்க வெளியாள் யாரும் அங்கே இல்லை. எனக்கு அந்தத் துணிச்சல் ரொம்பப் பிடிக்கும்.

நீ கண்ணாடியில்தான் தொடங்குவாய் என்று நினைக்கிறேன். உன் உயரத்தில் பாதி இருந்தாலே முழு உடலும் தெரியும். ஆனால் கண்ணாடி செங்குத்தாக நிற்கவேண்டும். சுவரில் சாய்த்தால் நீள விகிதம் கெடும். கேன்வாஸைக் கண்ணாடியை ஒட்டி வை, கண் மட்டும் திரும்பினால் போதும். கழுத்தைத் திருப்பினால் ஒவ்வொரு முறையும் தோள்கோடு மாறும். பாதம் இருக்கும் இடத்தைத் தரையில் டேப் ஒட்டிக் குறித்துக்கொள்.

எல்லாரும் தப்பாகப் போடுவது வயிறு. கண்ணாடி முன் நின்றதும் நம்மை அறியாமலே வயிற்றை உள்ளிழுக்கிறோம். கொஞ்ச நேரத்தில் அது தளரும். முதலில் போட்ட கோடு பொய்யாகிவிடும். பத்து நிமிடம் சும்மா இருந்துவிட்டு ஆரம்பி. அமெரிக்க ஓவியர் ஆலிஸ் நீல் 1975-இல் தொடங்கி, 80 வயதில், 1980-இல் முடித்த சுயசித்திரத்தைப் பார். கோடு போட்ட நாற்காலி, கையில் தூரிகையும் துணியும், மூக்குக்கண்ணாடி. எதையும் இழுத்துப் பிடிக்கவில்லை. மார்பும் வயிறும் தம் எடைக்குத் தொங்குகின்றன. உட்கார்ந்தால் தொடை அகலும், வயிறு மடியும். அந்த மடிப்பில்தான் எடை தெரியும், அதை மழுப்பாதே.

நிழலுக்குக் கறுப்பு சேர்க்காதே, தோல் செத்துப்போகும். பர்ன்ட் சியன்னா என்ற செம்பழுப்போடு அல்ட்ராமரீன் நீலம் கல. முட்டி, முழங்கை, விரல்கணுவுக்கு மற்ற இடத்தைவிடச் சிவப்பு கொஞ்சம் கூடுதலாக வேண்டும். பிரசவத் தழும்பை மேலே மெல்லிய கோடாகப் போட்டால் ஒட்டவைத்தது போலிருக்கும். ஈரப் பெயின்டைத் தூரிகையின் பின்முனையால் கீறு, அடிவண்ணம் வெளியே வரும்.

பாதிப் படத்தையே போட்டோ எடுத்து அனுப்பு.

அன்புடன்,
கௌரி