கிணற்றடியிலிருந்து ஈசுவுக்கு

டாலஸ், செவ்வாய்க்கிழமை

அன்புள்ள ஈசு,

திட்டி முடித்துவிட்டாயா? பாக்கி இருந்தால் முதலில் அதை முடி, பிறகு மேலே படி.

மூன்றாவது போர்வெல்லும் 1,100 அடி போய்ப் புகைதான் வந்தது, பழைய கிணற்றை மூடி இடத்தைச் சமன் பண்ணிவிடலாம் என்கிறான் பையன் என்று நீ அத்தனை நீளத்துக்கு எழுதியிருந்தாய். பதிலுக்கு நான் போனில் ஒரு கட்டைவிரலை அனுப்பி வைத்தேன். அதுவும் தூக்கிய கட்டைவிரல். கிணற்றை மூட நானே சந்தோஷமாகச் சம்மதம் சொன்ன மாதிரி ஆகிவிட்டது. விமான நிலையச் சோதனையில் ஒரு கையில் செருப்பை வைத்துக்கொண்டு அமுக்கியது அது. சாக்குதான், ஒப்புக்கொள்கிறேன். ஆனால் மறுநாளே நாள் முழுக்கக் கிணறு பார்த்துக்கொண்டிருந்தேன் என்றால் நம்புவாயா?

இங்கே எல்லாரும் சௌக்கியம். மாப்பிள்ளைக்குச் சளி. சரசு டீச்சருக்குக் கண் ஆபரேஷன் முடிந்ததாமே, போய்ப் பார்த்தாயா? என் பெயரையும் சேர்த்துச் சொல்லியிருப்பாய் என்று நம்புகிறேன். இல்லாவிட்டால் அந்த ஹார்லிக்ஸ் பாட்டில் கதையை மறுபடி முதலிலிருந்து கேட்க வேண்டும்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். பேரனுக்கு லீவு என்று மெக்சிகோவில் கான்குன் பக்கம் நாலு நாள் போயிருந்தோம். கடலும் மணலும் எனக்கு அரை நாளில் அலுத்துவிட்டது. என் முகத்தைப் பார்த்து மகள் ஒரு நாள் சுற்றுலாவுக்குப் பணம் கட்டினாள். அந்த மண்ணின் பூர்வகுடிகளான மாயாக்களின் பழைய நகரமான சிச்சென் இட்சா, குளிக்க செனோட்டே என்கிற ஓர் இயற்கைக் கிணறு, மதியச் சாப்பாடு, திரும்பும் வழியில் வய்யாதோலித் என்று ஒரு சின்ன ஊர். விடிகாலையில் பஸ். கான்குன் ஒரு மாநிலம், சிச்சென் இட்சா அடுத்த மாநிலமான யுகாத்தான். இரண்டுக்கும் கடிகாரத்தில் ஒரு மணி நேரம் வித்தியாசம். எல்லை தாண்டியதும் வழிகாட்டி, "உங்கள் எல்லாருக்கும் ஒரு மணி நேரம் இனாம்" என்றார். அந்த இனாமை அப்படியே கொண்டுபோய் ஒரு பொம்மைக் கடையில் செலவழிக்க வைத்தார்கள். டூர் பஸ் எந்த நாட்டில் ஓடினாலும் டிரைவருக்கு இலவசச் சாப்பாடு போடுகிற இடத்தில்தான் நிற்கும் போலிருக்கிறது. கடையை விட்டுக் கிளம்பிப் போய்ச் சேரும்போது உச்சி வெயில். விடிய எழுந்ததற்கு என்ன பிரயோஜனம்?

பிரமிடு படத்தில் பார்த்திருப்பாய். குகுல்கான் என்ற சிறகுள்ள பாம்புக் கடவுளின் கோயில், மேல் மாடத்தோடு சேர்த்து முப்பது மீட்டர் உயரம். நாலு பக்கமும் 91 படி, உச்சித் திட்டு ஒன்று, ஆக 365. மார்ச்சிலும் செப்டம்பரிலும் பகலும் இரவும் சமமாக வரும் நாட்களில், படிக்கட்டின் ஓரச் சுவரில் நிழல் பாம்பு மாதிரி இறங்குமாம். 2006-லிருந்து மேலே ஏற விடுவதில்லை. மாப்பிள்ளைக்கு வருத்தம், என் முழங்காலுக்கு நிம்மதி. எதிரே நின்று கை தட்டினால் படிகளில் பட்டு எதிரொலி குருவி கத்துகிற மாதிரி "கீச்" என்று திரும்பி வருகிறது. கெட்சால் என்ற பறவையின் குரலாம். பேரன் கை சிவக்கத் தட்டினான். சுற்றிலும் சிறுத்தை மாதிரி உறுமுகிற மர ஊதல் விற்கிறார்கள், அதிலும் ஒன்று வாங்கிவிட்டான். இப்போது எங்கள் வீட்டில் காலை ஆறு மணிக்குச் சிறுத்தை வருகிறது.

எனக்கு இதெல்லாம் ஒரு பார்வைக்குச் சரி. என்னை நிறுத்தியது அந்த ஊரின் பெயர். வழிகாட்டி மாயாக்காரர், முப்பது வயசுப் பிள்ளை, டிரைவரிடம் மாயா மொழியில்தான் பேசினார். பஸ்ஸில் யாரோ ஒருவர், "மாயாக்கள் எப்படி மறைந்து போனார்கள்?" என்று கேட்க, "மத்தியானம் நான்தானே உங்களுக்குச் சாப்பாடு வாங்கித் தரப்போகிறேன்" என்றார். யுகாத்தான் மாயா பேசுகிறவர்கள் இன்றும் ஏழரை லட்சத்துக்கு மேல் இருக்கிறார்கள். அவர் சொன்னார்: சி என்றால் வாய், சென் என்றால் கிணறு, இட்சா அங்கே வாழ்ந்த கூட்டத்தின் பெயர். இட்சாக்களின் கிணற்றுவாய். உலகமே வந்து வாயைப் பிளக்கிற ஊருக்குப் பெயர் கிணற்றடி! நம் கிணற்றடிக்கு இப்போது என்ன கதி பார்த்தாயா.

பெயருக்குக் காரணமான கிணறு பிரமிடுக்கு வடக்கே கொஞ்ச தூரத்தில் இருக்கிறது. புனிதக் கிணறு என்கிறார்கள். கல் பாவிய பழைய பாதை நேராக அங்கே போய் முடிகிறது. அறுபது மீட்டர் அகலத்துக்கு வட்டமாகப் பூமி உள்வாங்கியிருக்கிறது. செங்குத்தான சுவர், கீழே பாசிப்பச்சைத் தண்ணீர். படி கிடையாது. குடிக்கவோ குளிக்கவோ வைத்துக்கொண்ட கிணறு இல்லை இது. சாக் என்ற மழைக் கடவுளுக்குக் காணிக்கை போட்ட இடம். 1904-லிருந்து எட்வர்ட் தாம்சன் என்ற அமெரிக்கத் தூதரக அதிகாரி இதைத் தூர்வாரினார். அந்தப் பண்ணை நிலத்தையே விலைக்கு வாங்கி வைத்திருந்தவர் அவர். தங்கம், பச்சைமணி, சாம்பிராணி மாதிரியான பிசின் உருண்டை, மனித எலும்பு எல்லாம் வந்தது. வந்ததில் பெரும்பகுதியை ஹார்வர்டு அருங்காட்சியகத்துக்கு அனுப்பிவிட்டார், பிற்காலத்தில் கொஞ்சம்தான் திரும்பி வந்தது. நம் ஊரில் தூர்வாரினால் தண்ணீர்ச் செம்பும் உன் ஒற்றைக் கொலுசும்தான் வரும்.

கன்னிப்பெண்களைத் தள்ளினார்கள் என்று ரொம்ப நாள் கதை சொல்லிக்கொண்டிருந்தார்களாம். எலும்பைப் பார்த்தால் ஆண்களும் குழந்தைகளும் நிறைய. அதைவிட இன்னொன்று வழிகாட்டி சொன்னார், சொல்லாமல் இருந்திருக்கலாம். அந்தக் கிணற்றுக்குப் பக்கத்திலேயே 1967-ல் ஒரு நிலத்தடித் தொட்டியில் நூற்றுக்கும் மேற்பட்ட குழந்தைகளின் எலும்பு கிடைத்தது. அதில் 64 பேரின் மரபணுவைச் சோதித்து 2024-ல் முடிவு சொன்னார்கள். அத்தனையும் பையன்கள், பெரும்பாலும் மூன்றிலிருந்து ஆறு வயசு. அதில் இரண்டு ஜோடி, அச்சு அசல் இரட்டையர். அவர்கள் புராணத்தில் பாதாளத்துக்குப் போய் ஜெயித்து வருகிற இரட்டையர் கதை ஒன்று உண்டு, அதனால் இருக்கலாம் என்கிறார்கள். எனக்கு அந்த இடத்தில் காரணம் எதுவும் காதில் ஏறவில்லை. உன் வீட்டு இரட்டைப் பயல்கள் ஒரே கலர் டவுசரில் திண்ணையில் குதித்துக்கொண்டிருந்தது கண்ணில் வந்துவிட்டது. பேரன் கையைப் பிடித்துக்கொண்டே நடந்தேன். அவனுக்கு வியர்த்துப் போய் உதறினான். விடவில்லை.

அங்கிருந்து இக் கில் என்ற செனோட்டேவுக்கு. ட்ஸோனோட் என்ற மாயாச் சொல்லை ஸ்பானியர்கள் செனோட்டே ஆக்கிவிட்டார்கள். வழியில் சாப்பாடு. பச்சையாக ஒரு சட்னி வைத்திருந்தார்கள். "காரம், பார்த்து" என்று வழிகாட்டி சொன்னதற்கு, எங்கள் ஊர்க்காரிக்கா என்று ஒரு கரண்டி போட்டுக்கொண்டேன். ஹபனேரோ மிளகாய், ஈசு. கண், மூக்கு, காது மூன்றும் ஒழுகியது. இதை ராசாத்தியக்காவிடம் சொல்லாதே.

இக் கில்லில் தரையிலிருந்து 26 மீட்டர் கீழே தண்ணீர். பாறையைக் குடைந்து படி வெட்டியிருக்கிறார்கள். மேலே மரங்கள் நிற்கின்றன, அவற்றின் வேர்கள் சடைசடையாகத் தண்ணீர் வரைக்கும் தொங்குகின்றன. இறங்குவதற்கு முன்னால் எல்லாரும் குழாயடியில் குளிக்க வேண்டும், பூசிய கிரீம் எதுவும் தண்ணீரில் கலக்கக் கூடாது. பிறகு ஆளுக்கு ஒரு லைஃப் ஜாக்கெட், கட்டாயம். மகள் எனக்கென்று முழுக்கை நீச்சல் உடை வாங்கி வந்திருந்தாள். கண்ணாடியில் பார்த்தேன், ரெயின்கோட் மாட்டிய கங்காரு. இதில் ஆரஞ்சு ஜாக்கெட் வேறு. வேண்டாம், நான் மேலேயே உட்கார்ந்து பையைப் பார்த்துக்கொள்கிறேன் என்றேன். "அம்மச்சிக்கு நீச்சல் தெரியாது" என்று பேரன் பக்கத்துப் பையனிடம் இங்கிலீஷில் சொன்னான்.

யாருக்கு? சுரைக்குடுக்கையை ஒரே வாரத்தில் கழற்றி வீசிய எனக்கா? மோட்டார் ரூம் மேலிருந்து குதித்தது நீயா நானா?

பதிமூன்று வயசில் சடங்கு சுற்றிய மறுநாளிலிருந்து நம் இருவரையும் கிணற்றுப் பக்கம் விடவில்லை. தம்பிகள் குதிக்கிற சத்தம் சமையல்கட்டு வரை கேட்கும். அதோடு சரி. நாற்பத்தெட்டு வருஷம். படி இறங்கும்போது எனக்கு மறந்துதான் போயிருக்கும் என்று பயந்தேன். உடம்பு மறக்கவே இல்லை. தண்ணீர் சில்லென்று கழுத்தைத் தொட்டதும் கால் தானாக உதைத்தது. நடுவே போய் மல்லாந்து படுத்தேன். மேலே வட்டமாக ஒரு துண்டு வானம். சுற்றிலும் கல் சுவர், சொட்டுச் சொட்டாக விழுகிற சத்தம், பேசினால் திரும்பி வருகிற குரல். பக்கத்தில் நீ இல்லாததுதான் குறை. கறுப்பாக மீன்கள் காலடியில் போயின. அப்புறம் கிறுக்குத்தனமாக, ஜாக்கெட் இல்லாமல் ஒரே ஒரு முங்கு போடலாமென்று கொக்கியில் கை வைத்தேன். காவலாளி விசில் ஊதினான் பார், கிணறு முழுக்க எதிரொலி. இருநூறு பேர் திரும்பிப் பார்த்தார்கள். மாப்பிள்ளை என்னைத் தெரியாதவர் மாதிரி பாறையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

திரும்பும்போது வழிகாட்டியைத் துளைத்து எடுத்துவிட்டேன். வடக்கு யுகாத்தானில் தரைமேல் ஆறு என்று ஒன்றுகூடக் கிடையாதாம். முழுக்கச் சுண்ணாம்புக்கல். பெய்கிற மழை நேராக உள்ளே இறங்கிக் கல்லைக் கரைத்துக் குகையாக்கி அடியிலேயே ஓடுகிறது. குகையின் கூரை இடிந்து விழுந்த இடம்தான் செனோட்டே. துலூம் பக்கம் தண்ணீருக்கு அடியில் 347 கிலோமீட்டர் நீளக் குகை ஒன்று தொடர்ச்சியாகப் போவதை 2018-ல் கண்டுபிடித்திருக்கிறார்கள். அவர்கள் பாறை ஆப்பம், ஈசு. நம் பாறை அம்மிக்கல். அம்மிக்கல்லில் விரிசல் இருந்தால்தான் தண்ணீர். அது இல்லாத இடத்தில் 1,100 அடி போனாலும் ஒன்றுதான், 2,000 அடி போனாலும் ஒன்றுதான். நீரோட்டம் பார்க்கிறவர் தேங்காயை உள்ளங்கையில் வைத்துச் சொன்னார் என்று நாலாவது போர் போட்டுவிடாதே.

ஆனால் ஆப்பத்துக்கும் ஒரு கேடு இருக்கிறது. மேலே எதை ஊற்றினாலும் வடிகட்டாமல் கீழே போய்விடும். விடுதிக் கழிவு, பன்றிப் பண்ணைக் கழிவு எல்லாம். வழிகாட்டியின் ஊரில் இப்போது கிணற்றுத் தண்ணீரைக் குடிப்பதில்லை, கேன் தண்ணீர்தானாம். இன்னொன்று கேள். மழை தவறினால் இன்றும் சில ஊர்களில் அந்த மழைக் கடவுளைக் கூப்பிட்டுப் படையல் போடுகிறார்கள். படையல் மேடையின் நாலு மூலையிலும் சின்னப் பையன்களை உட்கார வைத்துத் தவளை மாதிரி கத்தச் சொல்வார்கள். "நானும் தவளையாக இருந்திருக்கிறேன்" என்றார். நம் ஊரில் தவளைக்குக் கல்யாணமே பண்ணி வைப்போம் என்றேன். நான் கிண்டல் செய்வதாக நினைத்துக்கொண்டார். மகள் மொழிபெயர்த்த லட்சணம் அப்படி.

இனி உன் கிணறு. பஸ்ஸில் தூக்கம் வராமல் கணக்குப் போட்டேன். முப்பதுக்கு முப்பது, ஆழம் அறுபது. 54,000 கன அடி, 540 யூனிட். லாரிக்கு மூன்று யூனிட் என்றால் 180 லோடு மண். இந்தச் செலவு உன் பையனுக்குத் தெரியுமா? அதில் ஒரு பங்கு போதும், வீட்டுக் கூரைத் தண்ணீரையும் மேட்டுக்காட்டிலிருந்து வருகிற மழைத் தண்ணீரையும் மண் வடிகிற மாதிரி ஒரு தொட்டி கட்டி கிணற்றுக்குள் விட்டுவிடலாம். நாளைக்கே நிரம்பும் என்று நான் சொல்லவில்லை. நிரம்பாமலும் போகலாம். மூடிவிட்டால் அந்தப் பேச்சே இல்லை. இரட்டைப் பயல்கள் விழுந்துவிடுவார்கள் என்பதுதான் மருமகள் பயம் என்றால், அது நியாயம். சுற்றுச்சுவரை உயர்த்திக் கம்பி வலை போடு, என் பங்குக்கு நான் தருகிறேன். அவர்களுக்கு நீச்சலும் கற்றுக்கொடு. தை பிறந்ததும் வருகிறேன். அதுவரை ஒரு கூடை மண் உள்ளே விழக்கூடாது. கிழக்குப் பக்கத்துப் படியில் எட்டாவது கல் ஆடுமே, இப்போதும் ஆடுகிறதா என்று பார்த்து எழுது.

உன்
காஞ்சனா

பி.கு. அந்தக் கட்டைவிரலை அழிக்கப் பார்த்தேன். நாள் கடந்துவிட்டதால் முடியாதாம். உன் போனில் நீயே அழித்துவிடு.