பாப்பாயும் சிந்துபாத்தும்: தம்பிக்கு ஒரு கடிதம்

அன்புள்ள தம்பிக்கு,

அனிமேஷன் படிக்கத் தொடங்கியிருக்கும் நீ, பழைய கார்ட்டூன்களில் எதை முதலில் பார்க்க வேண்டும் என்று கேட்டிருந்தாய். ஃபிளைஷர் ஸ்டுடியோ 1936 நவம்பரில் வெளியிட்ட, மாலுமி பாப்பாய் மாலுமி சிந்துபாத்தைச் சந்திக்கும் குறும்படத்தைப் பார். பாப்பாய் முதன்முதலாக வண்ணத்தில் தோன்றிய படம் அது; ஏறத்தாழ 16 நிமிடங்கள் ஓடும்.

ஆயிரத்தொரு இரவுகளில் சிந்துபாத் தன் ஏழு கடற்பயணங்களையும் மூட்டை சுமக்கும் ஓர் ஏழைக்குத் தன் வாயாலேயே சொல்கிறான். அவன் சொல்வதற்கு அவனே சாட்சி. படத்தை உருவாக்கியவர்கள் இந்த இடத்தைத்தான் பிடித்துக்கொண்டார்கள் என்று எனக்குத் தோன்றுகிறது. கன்னித்தீவு வழியாக நமக்கு நாயகனாகப் பழகிய சிந்துபாத், இங்கே பாப்பாயின் வழக்கமான எதிரியான முரடன் புளூட்டோவின் (Bluto) உருவத்தில் வந்து, தன்னைப் போன்ற அதிசய மனிதன் உண்டா என்று தன் தீவின் விலங்குகளிடம் பாட்டாகவே கேட்கிறான். அவையும் அஞ்சி ஆமாம் போடுகின்றன. அவ்வழியே கப்பலில் போகும் பாப்பாய் தன் பெருமையைத் தானே பாடுவதை அவனால் பொறுக்க முடியவில்லை. கதையில் மாலுமிகளை நடுங்கவைத்த ராட்சதப் பறவையை அவன் ஏவுகிறான். அதுவோ கடைசியில் வறுத்த கறியாகத் தட்டில் திரும்பி வருகிறது!

அந்தத் தற்பெருமைப் பாட்டு வரும் காட்சியை நீ கூர்ந்து கவனிக்க வேண்டும். தீவின் குகைகளையும் பாறைகளையும் சிறு மாதிரிகளாகச் செய்து, சுழலும் மேசைமேல் அமைத்து, அதன் முன்னே கண்ணாடித் தகடுகளுக்கிடையில் பாத்திரங்களை வரைந்த ஒளிபுகும் தாளைச் செங்குத்தாக நிறுத்தி, கேமராவை நேரெதிரே வைத்துச் சட்டகம் சட்டகமாகப் படமெடுத்தார்கள். மேசை சிறிதளவு திரும்பும்போது அருகிலுள்ள பாறை வேகமாகவும் தொலைவிலுள்ளது மெதுவாகவும் நகரும். ஒரே தாளில் தீட்டிய பின்னணியை இழுத்தால் இந்த வேறுபாடு கிடைக்காது. தீட்டிய படங்களைப் பல கண்ணாடி அடுக்குகளில் வைத்து ஆழம் காட்டும் டிஸ்னியின் பல அடுக்குக் கேமராவில் எடுத்த முதல் படம் 1937இல்தான் வந்தது. ஃபிளைஷர் குழுவினரோ 1934இலேயே இம்முறையைக் கையாளத் தொடங்கியிருந்தார்கள். தீவு கைக்கு எட்டும் பொருளைப்போல் நிற்பதால், அதன் உரிமையாளன் பீற்றிக்கொள்வதையும் நாம் ஒரு கணம் நம்பிவிடுகிறோம். பாப்பாய் தனக்குப் பலம் தரும் கீரையை விழுங்கி அவனை வீழ்த்தும்போது பொங்கிவரும் சிரிப்புக்கு அந்த நம்பிக்கைதான் அடித்தளம்.

ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்பட்டும் பரிசு டிஸ்னிக்கே போனது. 2004இல் அமெரிக்காவின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் இப்படம் இடம்பெற்றது.

முதல் முறை வாய்விட்டுச் சிரித்துப் பார். மறுமுறை ஒலியை அணைத்துவிட்டு, நடந்துபோகும் சிந்துபாத்தை விட்டுவிட்டு, அவனுக்குப் பின்னால் நகரும் பாறைகளை மட்டும் பார்த்து எனக்கு எழுது.

அன்புடன்,
அண்ணன்