மழைமானி காட்டும் பூஜ்யம்

ஆசிரியருக்கு வணக்கம்.

மழை வலுத்தால் போதும், எங்கள் செந்தூல் வட்டாரப் புலனக் குழுவில் ஆற்று நீர்மட்டப் படங்கள் குவிந்துவிடும். 2021 டிசம்பரில் ஷா ஆலமின் தாமான் ஸ்ரீ மூடா குடியிருப்பு வெள்ளத்தில் மூழ்கிய பிறகு, வடிகால் நீர்ப்பாசனத் துறையின் வெள்ளத் தகவல் தளத்தைப் பார்க்கப் பலரும் பழகிவிட்டோம். நல்லதுதான்.

ஆனால் அதில் உடனுக்குடன் வரும் மழை அளவு, சரிபார்க்கப்படாத எண். சாய்வாளி மழைமானியில் சிறு வாளி நிரம்பிச் சாயும்போதெல்லாம் ஓர் அளவு பதிவாகும். புனலை இலை அடைத்துக்கொண்டால் கொட்டும் மழையிலும் பூஜ்யம்தான். அடைப்பே இல்லாவிட்டாலும், கனமழையில் வாளி சாயும் நேரத்தில் விழும் நீர் விடுபட்டுப்போகும். ஆய்வாளர்கள் பக்கத்து நிலையங்களோடும் ரேடார் படத்தோடும் ஒப்பிட்டுத் திருத்துவது இதனால்தான். கோலாலம்பூரில் வெள்ள வடிகாலாகவும் ஒரு பகுதியில் சாலையாகவும் பயன்படும் 9.7 கிலோமீட்டர் நீள ஸ்மார்ட் சுரங்கத்தில், சாலையை மூடி வெள்ளத்தைத் திருப்புவதா என்று முடிவெடுப்பவர்களுக்கோ அவ்வளவு அவகாசம் கிடையாது. (அந்த வேலை நமக்கு வேண்டாம் சாமி!)

ஒவ்வோர் எண்ணுக்கும் பக்கத்தில், கருவி கடைசியாக எப்போது சோதிக்கப்பட்டது என்றும் தளத்தில் போடலாமே? தமிழ்ப்பள்ளி மாணவர்களும் தங்கள் திடலில் மழையை அளந்து அருகிலுள்ள நிலையத்தின் கணக்கோடு ஒப்பிடட்டும். இரண்டும் ஒத்துப்போகாத நாளில் அறிவியல் வகுப்பு சூடுபிடிக்கும்.

வாசகர்,
செந்தூல், கோலாலம்பூர்