கடலூர் லாரி, சரக்கு வேன் உரிமையாளர் சங்கம்: செயலாளர் ஆண்டறிக்கை

தலைவர், பொருளாளர், நிர்வாகக் குழுவினர், உறுப்பினர்கள் அனைவருக்கும் வணக்கம்.

மாதக் கூட்டங்கள் தவறாமல் நடந்தன. வரவு செலவைப் பொருளாளர் வாசிப்பார். இந்த ஆண்டு சங்கத்தின் உழைப்பில் பெரும்பகுதி, பிடிபட்ட வண்டிகளை மீட்பதிலேயே போனது. ஆகவே அதை மட்டும் விரிவாகச் சொல்கிறேன்.

பெண்ணையாற்றுப் பாலம் தாண்டிக் கொஞ்ச தூரம் போனால் முள்ளோடை. பாகூரும் தவளக்குப்பமும் நமக்குப் பக்கத்து ஊர்கள்தான். ஆனால் அவை புதுச்சேரியைச் சேர்ந்தவை, பர்மிட் கணக்கில் அது வேறு எல்லை. தமிழ்நாட்டுக்குள் மட்டும் செல்லும் பர்மிட்டை வைத்துக்கொண்டு அங்கே லோடு இறக்கப் போகிறவர்கள்தான் அதிகம் மாட்டுகிறார்கள்.

மோட்டார் வாகனச் சட்டம் 207-வது பிரிவின்படிதான் வண்டியைப் பிடித்து வைக்கிறார்கள். லைசென்ஸ், பதிவு, பர்மிட் ஆகியவற்றில் குறை இருந்தால் இந்தப் பிரிவு வரும். எஃப்.சி (தகுதிச் சான்று) முடிந்த வண்டியும் இதில் அடங்கும், ஏனென்றால் 56-வது பிரிவின்படி அதற்குச் செல்லத்தக்க பதிவே இல்லை. ஓவர்லோடு இந்தப் பட்டியலில் இல்லை. அதற்கு 2019 திருத்தத்துக்குப் பிறகு 20,000 ரூபாயும், கூடுதலான ஒவ்வொரு டன்னுக்கும் 2,000 ரூபாயும் அபராதம். அதிகப்படியான பாரத்தை இறக்கும் வரை வண்டியை நகர்த்த முடியாது. ஓவர்லோடுக்கு நிறுத்திய வண்டியை 207-இல் பிடித்ததாக எழுதியிருந்தால், அந்தக் காகிதத்தை அப்படியே நம் வக்கீலிடம் காட்டுங்கள்.

கோடையில் பண்ருட்டிப் பலா ஏற்றிப் போன நம் உறுப்பினர் ஒருவரின் குட்டி யானை வேனைப் பிடித்து, ‘பர்மிட் இல்லை’ என்று செக் ரிப்போர்ட் எழுதிவிட்டார்கள். வெயிலில் தார்ப்பாய்க்குள் பழங்கள் கனிந்து வெடிக்க ஆரம்பித்தன. வியாபாரி போன் மேல் போன். மொத்த எடை 3,000 கிலோவைத் தாண்டாத சரக்கு வண்டிக்கு பர்மிட்டே தேவையில்லை என்று 66-வது பிரிவின் 3-வது உட்பிரிவு சொல்கிறது. ஆர்.சி.யில் (பதிவுச் சான்றில்) எடை தெளிவாக இருந்தது. அந்த வரியைக் குறிப்பிட்டு, வண்டியை விடச் சொல்லி 207(2)-இன் கீழ் போக்குவரத்து அலுவலகத்துக்கு மனு எழுதி, ஆர்.சி. நகலை இணைத்துக் கொடுத்தோம். கோர்ட்டுக்குப் போகாமலே வண்டி வந்தது. பழம்தான் பாதி போய்விட்டது. அந்த நஷ்டத்தை யார் தருவார்கள் என்ற கேள்விக்கு இன்றுவரை பதில் இல்லை. எனக்கு அது பெரிய வருத்தம்.

இன்னொரு உறுப்பினர், எஃப்.சி முடிந்த ஈச்சர் லாரிக்காக நேராகச் சென்னை உயர் நீதிமன்றத்துக்குப் போனார். போக்குவரத்து அலுவலகத்தில் மனு கொடுத்ததற்கு ஆதாரம் இல்லை. முதலில் மனு கொடுங்கள் என்று வக்கீலே திருப்பி அனுப்பிவிட்டார். கடலூர், புதுச்சேரி இரண்டும் சென்னை அமர்வின் கீழ்தான் வருகின்றன. அங்கே ரிட் (அரசு அலுவலகத்துக்கு உத்தரவிடக் கோரும் வழக்கு) போட்டால் பெரும்பாலும் கிடைப்பது, ‘மனுவைப் பரிசீலித்து இத்தனை நாளுக்குள் முடிவெடுங்கள்’ என்ற உத்தரவு. பரிசீலிக்க மனு ஒன்று இருக்க வேண்டுமே! அப்புறம் அவர் மனு கொடுத்து, ஒப்புகை வாங்கி, ரிட் போட்டு, உத்தரவின்படி அலுவலகம் முடிவெடுத்த பிறகே வண்டி கிடைத்தது. அதற்குள் பேட்டரி செத்திருந்தது, இரண்டு டயர் தரையோடு ஒட்டியிருந்தது. தவணை மட்டும் ஓடிக்கொண்டே இருந்தது.

விபத்து வழக்கில் போலீஸ் பிடித்த வண்டிக்கு வழி வேறு. மாஜிஸ்திரேட் கோர்ட்டில் மனு போட வேண்டும். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 451-வது பிரிவு, இப்போது அதற்குப் பதிலாக வந்த பி.என்.எஸ்.எஸ். சட்டத்தின் 497. பிடித்த வண்டிகளைக் காவல் நிலையத்தில் நீண்ட நாள் போட்டுவைப்பதில் பயனில்லை, உரிய பத்திரமும் ஜாமீனும் வாங்கிக்கொண்டு விடுங்கள் என்று உச்ச நீதிமன்றம் 2002-லேயே சுந்தர்பாய் தேசாய் வழக்கில் சொன்னதை அந்த மனுவில் சேருங்கள். மணல், சவுடு வழக்குகள் கனிமச் சட்டத்தில் வரும். அவற்றை இந்த இரண்டோடும் குழப்பாதீர்கள்.

இணக்கக் கட்டணம் (கோர்ட்டுக்குப் போகாமல் தப்பை ஒப்புக்கொண்டு கட்டும் தொகை) கட்டுவது உங்கள் விருப்பம், கட்டாயமில்லை. தப்பு உண்மையானால் கட்டிவிட்டு வண்டியை எடுங்கள், அதுவே லாபம். தப்பில்லை என்றால் கையெழுத்துப் போடும் முன் சங்கத்துக்கு ஒரு போன் செய்யுங்கள்.

207(2) மனு மாதிரி அச்சிட்டுத் தயாராக இருக்கிறது. ஒவ்வொரு வண்டியின் ஆர்.சி., எஃப்.சி., பர்மிட் நகல்களை இந்த மாதத்துக்குள் சங்க அலுவலகத்தில் கொடுத்து வையுங்கள். வண்டி பிடிபட்ட அன்றே மனு போய்ச் சேர வேண்டும்.

இப்படிக்கு,
செயலாளர்