அம்மச்சிமாரைப் பற்றியும் எழுதுங்கள்

அன்புள்ள ஆசிரியருக்கு, வணக்கம்.

சென்ற இதழில் பத்மநாபபுரம் அரண்மனைக் கட்டுரை படித்தேன். திருவிதாங்கூர் அரசர் மார்த்தாண்ட வர்மா 1741-இல் குளச்சலில் டச்சுக்காரர்களைத் தோற்கடித்தது, 1750-இல் நாட்டையே பத்மநாபசுவாமிக்குத் திருப்படித்தானமாக எழுதிவைத்தது, மூலிகைக் கட்டில் எல்லாம் இருந்தன. சரி, அந்த வீட்டுப் பெண்களைப் பற்றி ஒரு வரிகூட இல்லையே! அருமனைக்காரியான எனக்கு அது பெரிய மனக்குறை.

திருவிதாங்கூர் அரச குடும்பத்தில் மருமக்கள்தாயம். அரசருக்குப் பிறகு பட்டம் சகோதரியின் மகனுக்குத்தான். ராணி என்றால் அரசரின் சகோதரி, அல்லது அவள் வழியில் வந்தவள். அரசர் கைப்பிடித்தவளோ ராணி இல்லை, அம்மச்சி. அவளுக்குத் தனியாக ஓர் அம்மவீடு. அவள் பெற்ற பிள்ளைகளுக்குத் தம்பி, தங்கச்சி என்ற பட்டம் உண்டு. அரச குடும்பத்தில் இடம் கிடையாது. ஊரே பொன்னுதம்புரான் என்று கும்பிடுகிறவரை அப்பா என்று சொல்லிக்கொண்டு, அவர் வீட்டுக்கு வேற்றாளாக வளர்வது எப்படி இருந்திருக்கும்?

மார்த்தாண்ட வர்மாவோடு பட்டத்துக்காக மோதிய பப்புத் தம்பியும் ராமன் தம்பியும் முந்தைய அரசரின் மக்கள்தான். வீட்டுக்குள் இருந்த புழுக்கம் நாட்டுச் சண்டையாகிவிட்டது. அவர்கள் கதையை வில்லுப்பாட்டில் கேட்டு என் பாட்டி கண்ணைத் துடைத்துக்கொண்டது இன்னும் நினைவிருக்கிறது.

மார்த்தாண்ட வர்மாவுக்குப் பின் ஆண்டு, தர்மராஜா என்று பெயரெடுத்த கார்த்திகைத் திருநாளின் மனைவியர் வழியாக வந்தவை அருமனை, வடசேரி, நாகர்கோவில், திருவட்டாறு அம்மவீடுகள். நான்கும் நம் கன்னியாகுமரி மாவட்டத்து ஊர்கள்! அந்தப் பெண்கள் நம் ஊர்களில் பிறந்தவர்கள். தலைநகர் 1795-இல் பத்மநாபபுரத்திலிருந்து திருவனந்தபுரத்துக்குப் போய்விட்டது. அங்கேயும் அந்த வீடுகளுக்கு நம் ஊர்ப் பெயர்தான். இது எத்தனை பேருக்குத் தெரியும்?

ராணிமாரையும் விட்டுவிடாதீர்கள். நாட்டை ஆண்ட ராணி கௌரி லட்சுமி பாய் 1815-இல் இறந்தபோது, அவர் மகன் சுவாதித் திருநாளுக்கு வயது இரண்டு. அந்தக் குழந்தையை வளர்த்துக்கொண்டே 1829 வரை நாட்டை நடத்தியவர் லட்சுமி பாயின் தங்கை கௌரி பார்வதி பாய். அப்புறம், அவர் ஆட்சியில்தான் 1829-இல் நாடார் பெண்கள் உயர்சாதிப் பெண்களைப் போல மேல்சீலை அணியக் கூடாது என்று உத்தரவு வந்தது. ஒரு குழந்தையை அப்படிப் பொத்தி வளர்த்தவரின் ஆட்சியில் இதுவும் நடந்திருக்கிறது. அதையும் மறைக்காமல் எழுத வேண்டும்.

உங்கள் நிருபரை ஒருமுறை அருமனைக்கும் திருவட்டாற்றுக்கும் அனுப்புங்கள். கதை சொல்லக்கூடிய பெரியவர்கள் சிலர் இன்னும் இருக்கிறார்கள்.

இப்படிக்கு,
ஒரு வாசகி,
அருமனை.