இளையோர் ஒற்றை இருக்கைக் கார் பந்தயப் பருவம் 2024: செயலாளர் ஆண்டறிக்கை

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களுக்கும், செயற்குழு உறுப்பினர்களுக்கும், இப்பொதுக்குழுவுக்குத் திரளாக வந்திருக்கும் சங்க உறுப்பினர்களுக்கும், தம் பிள்ளைகளின் பொருட்டு முதன்முறையாக இங்கு வந்து அமர்ந்திருக்கும் பெற்றோர்களுக்கும் என் பணிவான வணக்கம்.

கோவை செட்டிபாளையம் பந்தயத் தடத்தில் மார்ஷல் பணி, அதாவது கொடி காட்டிப் பாதுகாப்பைக் கவனிக்கும் பணி, செய்யும் தன்னார்வலர்களும் பந்தய ஆர்வலர்களும் சேர்ந்து நடத்திவரும் நமது சங்கத்தின் 2024ஆம் ஆண்டுக்கான அறிக்கையை உங்கள் முன் வைக்கிறேன். பைக் பந்தயங்களிலும் ராலிகளிலும் நம்மவர்கள் ஆற்றிய பணியைத் துணைச் செயலாளர் தனியாக எழுதியிருக்கிறார். வரவு செலவுக் கணக்கைப் பொருளாளர் சமர்ப்பிப்பார். ஆகவே இவ்வறிக்கை இளையோருக்கான ஒற்றை இருக்கைக் கார் பந்தயங்களைப் பற்றியது மட்டுமே. செயற்குழு அவ்வாறு முடிவு செய்ததற்குக் காரணம் உண்டு. இந்த ஆண்டு அந்தப் பந்தயங்கள் நம் ஊருக்குக் கொண்டுவந்த பெருமையும் பொறுப்பும் முந்தைய ஆண்டுகளைவிடப் பெரியவை.

உலக மோட்டார் பந்தயக் கூட்டமைப்பான எஃப்.ஐ.ஏ.வின் சான்று பெற்ற ஃபார்முலா 4 இந்தியச் சாம்பியன்ஷிப், 2023ஆம் ஆண்டு தொடங்கி, இவ்வாண்டு தன் இரண்டாவது பருவத்தை நிறைவு செய்தது. ஆகஸ்ட் மாதம் சென்னையை அடுத்த இருங்காட்டுக்கோட்டைப் பந்தயத் தடத்தில் தொடங்கிய பருவம், அம்மாத இறுதியில் சென்னைத் தீவுத்திடலைச் சுற்றிய வீதிகளில் இரவுப் பந்தயமாக ஓடி, நவம்பர் மாதம் நம் செட்டிபாளையம் கரி மோட்டார் ஸ்பீட்வேயில் முடிவுக்கு வந்தது. ஐதராபாத் அணிக்காக ஓட்டிய தென்னாப்பிரிக்க இளைஞர் அகில் அலிபாய் சாம்பியன் பட்டத்தை வென்றார். பெங்களூருவின் ருஹான் ஆல்வாவும், வடகிழக்கிலிருந்து வந்து இந்தியத் தடங்களில் தனக்கென ஓர் இடம் பிடித்துவிட்ட ஜேடன் பாரியட்டும் முன்வரிசையில் நின்று போராடினார்கள். பட்டம் கடல் கடந்து போயிற்றே என்று வருந்திய உறுப்பினர்களுக்கு ஒன்று சொல்ல விரும்புகிறேன். வெளிநாட்டு இளைஞர்கள் இங்கு வந்து ஓட்டுவது நம் பிள்ளைகளுக்கு இழப்பன்று. இதே அனுபவத்துக்காக ஐரோப்பா சென்று கோடிக்கணக்கில் செலவழித்த குடும்பங்கள் உண்டு. அந்தத் தரத்திலான போட்டி இப்போது பொள்ளாச்சி சாலையிலிருந்து பார்த்துவிட்டு வரும் தொலைவுக்கு வந்திருக்கிறது.

ஃபார்முலா 4 எதற்காக ஏற்பட்டது என்பதைப் பெற்றோர்களுக்காகச் சற்று விரிவாகச் சொல்கிறேன். கார்ட்டிங் என்னும் சிறு வண்டிப் பந்தயத்தை முடித்துவரும் பிள்ளை நேராகப் பெரிய பந்தயக் காரில் ஏற முடியாது. அந்த இடைவெளியை நிரப்ப, 15 வயது நிறைந்தவர்கள் ஓட்டக்கூடிய முதல் படியாக எஃப்.ஐ.ஏ. இதனை வகுத்து, 2014 முதல் பல நாடுகளில் நடத்திவருகிறது. ஃபார்முலா 1 காரை ஓட்ட வேண்டுமானால் அதற்குரிய உரிமமான சூப்பர் லைசென்ஸுக்காக மூன்று பருவங்களுக்குள் 40 புள்ளிகளைச் சேர்க்க வேண்டும். சான்று பெற்ற ஃபார்முலா 4 தொடரில் பட்டம் வெல்பவருக்கு, உரிய நிபந்தனைகளுக்கு உட்பட்டு, அவற்றில் 12 கிடைக்கும். அந்தக் கணக்கில் இந்திய மண்ணில் ஓட்டிய பந்தயமும் சேர்கிறது என்பதே இத்தொடரின் உண்மையான பயன். இங்கு ஓடும் கார்கள் பிரான்சின் மிகால் நிறுவனம் கட்டியவை. எல்லா அணிகளுக்கும் ஒரே வகைக் கார், ஒரே வகை எஞ்சின். ஓட்டுநரின் தலைக்கு மேல் வளைந்து நிற்கும் ஹாலோ என்னும் பாதுகாப்பு வளையமும் இவற்றில் உண்டு.

எனினும் நம் ஊரின் பந்தய மரபு ஃபார்முலா 4இல் தொடங்கவில்லை. கோவைப் பந்தய வீரர் எஸ். கரிவர்தன் மாருதி 800 எஞ்சினைப் பொருத்தி ஒற்றை இருக்கைக் கார் ஒன்றை வடிவமைத்தபோதுதான், இந்நாட்டின் நடுத்தரக் குடும்பத்து இளைஞர்கள் பந்தயக் கார் என்ற ஒன்றில் உட்கார்ந்து பார்த்தார்கள். நம் கோவையின் நாராயண் கார்த்திகேயன் ஸ்ரீபெரும்புதூரில் முதலில் ஓட்டியது அந்த ஃபார்முலா மாருதி காரைத்தான். அவரே பின்னர் 2005இல் இந்தியாவின் முதல் ஃபார்முலா 1 ஓட்டுநர் ஆனார். 1995இல் சிறு விமான விபத்தில் கரிவர்தன் மறைந்தார். அவர் பெயரைத் தாங்கி, முன்னாள் பந்தய வீரர் பி. விஜயகுமாரின் முயற்சியால் 2003இல் செட்டிபாளையத்தில் திறக்கப்பட்டதே நாம் பணிசெய்யும் இந்தத் தடம். இந்த வரலாற்றைத் திரும்பச் சொல்வதற்குக் காரணம், இவ்வாண்டு புதிதாகச் சேர்ந்த உறுப்பினர்களில் சிலர் கரி என்பது ஒரு மனிதரின் பெயர் என்பதை அறியாதிருந்ததுதான்.

அந்த மரபின் தொடர்ச்சியாக இன்றும் ஓடிக்கொண்டிருப்பது எல்.ஜி.பி. ஃபார்முலா 4 வகுப்பு. பெயர் ஒன்றாக இருப்பதால் பலர் இரண்டையும் குழப்பிக்கொள்கிறார்கள். இது எஃப்.ஐ.ஏ. சான்று பெற்ற தொடரன்று. தேசியச் சாம்பியன்ஷிப்பின் ஒரு பிரிவு. மாருதி 1300 சிசி எஞ்சினுடன், நம் ஊர்ப் பட்டறைகளில் திறக்கவும் பழுதுபார்க்கவும் கூடிய எளிய கார். என் தனிப்பட்ட கருத்தை இங்கு பதிவு செய்ய அனுமதி வேண்டுகிறேன்: செட்டிபாளையத்தில் எல்.ஜி.பி. பந்தயத்தைவிட நல்ல பந்தயம் வேறில்லை. முன்னே போகும் காரின் பின்னால் ஒட்டிக்கொண்டு, காற்றின் தடை குறைந்த அந்தச் சிறு இடத்தில் வேகத்தைச் சேர்த்துக்கொண்டு, நேர்ப்பாதையின் முடிவில் வெளியே எட்டி முந்தும் கலையை ஒரு பிள்ளை அங்கேதான் முழுமையாகக் கற்கிறது. ஃபார்முலா 4 வந்துவிட்டது என்பதற்காக இந்த வகுப்பை ஒருவரும் இரண்டாந்தரமாக எண்ணக் கூடாது. கோவையின் சாதாரண வீட்டுப் பிள்ளைக்கு எட்டும் படி இதுவே. இந்தப் படி சரிந்தால் மேலே உள்ள படிகளில் வெளியூர்க்காரர்களையும் வசதி படைத்தவர்களையும் தவிர வேறு யாரும் நிற்க மாட்டார்கள்.

சென்னை வீதிப் பந்தயம் பற்றிச் சில சொற்கள். 2023 டிசம்பரில் நடக்கவேண்டிய அப்பந்தயம் மிக்ஜாம் புயலால் தள்ளிப்போய், இவ்வாண்டு ஆகஸ்ட் 31, செப்டம்பர் 1 ஆகிய நாட்களில் நடந்தது. தீவுத்திடலில் தொடங்கி, கொடிமரச் சாலை, அண்ணா சாலை, சிவானந்தா சாலை, நேப்பியர் பாலம் வழியாகச் சுமார் 3.5 கிலோமீட்டர் ஓடும் அத்தடத்துக்கு, மழையின் காரணமாகவும் எஃப்.ஐ.ஏ. சான்று தாமதமானதாலும் முதல்நாள் அமர்வுகள் வெகுநேரம் தள்ளிப்போயின. மறுநாள் தடத்துக்குள் நாய் ஒன்று புகுந்ததால் ஓட்டம் சிறிது நேரம் தடைபட்டதை நீங்கள் செய்திகளில் பார்த்திருப்பீர்கள். அதைப் பலர் கேலியாகப் பேசினார்கள். மார்ஷல் பணி செய்பவர்களுக்கு அது கேலிக்குரிய செய்தியன்று. நிரந்தரத் தடத்தில் வேலி உண்டு, புல்வெளி உண்டு, தவறிய கார் வேகம் தணிய இடம் உண்டு. வீதித் தடத்தில் கான்கிரீட் தடுப்பும் அதற்குப் பின்னால் நிற்கும் மார்ஷலும் மட்டுமே உண்டு. அங்கு சென்று பார்த்துத் திரும்பிய நம் உறுப்பினர்கள், தடுப்புகளுக்கிடையே கொடி காட்டுபவருக்கு அமைத்திருந்த இடைவெளிகளைப் பற்றி எழுதிக் கொடுத்த குறிப்பு மிகவும் பயனுள்ளது. அதனை நம் பயிற்சியில் சேர்த்திருக்கிறோம்.

நவம்பர் இறுதிச் சுற்றுக்கான ஆயத்தமே இவ்வாண்டு நம் சங்கத்தின் முதன்மையான பணியாக இருந்தது. நம் தடம் 2.1 கிலோமீட்டர் மட்டுமே; இருங்காட்டுக்கோட்டையோ 3.717 கிலோமீட்டர். ஃபார்முலா 4 கார் இங்கு ஒரு நிமிடத்தை ஒட்டிய நேரத்தில் ஒரு சுற்றை முடித்துவிடும். ஒரு திருப்பத்தில் கார் சுழன்று நின்றால், அதே கார்க் கூட்டம் மறுபடி அந்த இடத்துக்கு வருவதற்குள் ஆபத்தை எச்சரிக்கும் மஞ்சள் கொடி எழுந்திருக்க வேண்டும், ஓட்டுநர் நலமா என்று பார்த்திருக்க வேண்டும், கட்டுப்பாட்டு அறைக்கு வயர்லெஸ்ஸில் சொல்லியிருக்க வேண்டும். யோசிப்பதற்கு நேரம் கிடையாது. கை தானாகச் செய்ய வேண்டும். அதனால்தான் பயிற்சியை வகுப்பறையில் வைக்காமல் தடத்தின் ஓரத்திலேயே வைத்தோம்.

வடகிழக்குப் பருவமழைக் காலத்தில் கொடி காட்டுவது எளிய வேலையன்று. நனைந்த துணி கொடிக்கம்பைச் சுற்றி ஒட்டிக்கொள்ளும். தூரத்திலிருந்து பார்க்கும் ஓட்டுநருக்கு நிறமே தெரியாது, வெறும் கம்புதான் தெரியும். மணிக்கட்டைத் தளர்த்தி, எட்டு என்ற எண்ணை வரைவதுபோல் கம்பைச் சுழற்றினால் துணி விரிந்தே இருக்கும். நம் மூத்த உறுப்பினர் ஒருவர் வாளித் தண்ணீரில் கொடியை முக்கி எடுத்து, புதியவர்கள் ஒவ்வொருவரின் கையிலும் கொடுத்து, தோள் வலிக்கும்வரை சுழற்றவைத்தார். வருகிற கார்களுக்கு ஒருபோதும் முதுகு காட்டாதிருப்பது, கொடி காட்டுபவரும் கண்காணிப்பவரும் எதிரெதிர்த் திசை பார்த்து நிற்பது, தடுப்பைத் தாண்டும் முன் கட்டுப்பாட்டு அறையின் அனுமதிக்குக் காத்திருப்பது ஆகியவற்றையும் அவர் ஓயாமல் வலியுறுத்தினார். காரின் மேல் ஒட்டியிருக்கும் குறிகளைத் தொட்டுக் காட்டியதும் அன்றே: சிவப்பு வட்டத்துக்குள் உள்ள எழுத்து தீயணைப்பானுக்கு, நீல முக்கோணத்துக்குள் உள்ள மின்னல் குறி மின்சாரத்தைத் துண்டிக்கும் சுவிட்சுக்கு. ஹாலோ பொருத்திய காரிலிருந்து ஓட்டுநர் இறங்குவதற்குப் பழைய கார்களைவிடக் கூடுதல் நேரம் ஆகும் என்பதால், மார்ஷல் பதறி அவரை இழுக்காமல், மருத்துவக் குழு வரும்வரை பேச்சுக் கொடுத்தபடி இருக்க வேண்டும் என்பதும் பயிற்சியில் சேர்க்கப்பட்டது.

இவ்வளவு வலியுறுத்துவதற்குக் காரணத்தை நாம் மறக்க முடியாது. 2023 ஆகஸ்டில் இருங்காட்டுக்கோட்டையில் நடந்த பைக் பந்தயத்தில் பெங்களூருவைச் சேர்ந்த 13 வயதுச் சிறுவன் உயிரிழந்தான். அது கார் பந்தயமன்று, நம் தடமுமன்று. ஆனாலும் அந்தப் பிள்ளையின் வயதை ஒத்தவர்கள் நம் கார்ட்டிங் பயிற்சிக்கு வருகிறார்கள். பந்தயம் ஆபத்தானது என்பதை மறைத்து எந்தப் பெற்றோரையும் இந்த விளையாட்டுக்குள் இழுக்கக் கூடாது என்று செயற்குழு ஒருமனதாகத் தீர்மானித்திருக்கிறது. ஹெல்மெட், தீத்தாங்கும் உடை, கழுத்தைக் காக்கும் கருவி ஆகியவற்றின் சான்று முத்திரையும் காலாவதி நாளும் சரிபார்க்கப்படாமல் எந்தப் பிள்ளையும் நம் பயிற்சியில் வண்டியில் ஏற முடியாது. இந்த விதியில் முகம் பார்த்துத் தளர்வு தர வேண்டாம் என்று பயிற்சிப் பொறுப்பாளர்களை மீண்டும் கேட்டுக்கொள்கிறேன்.

பெற்றோர்களுக்கான ஆலோசனைக் கூட்டங்களில் மிகுதியாகக் கேட்கப்பட்ட கேள்வி செலவு பற்றியது. கார்ட்டிங் வண்டி வாங்கலாமா, வாடகைக்கு ஓட்டலாமா, எந்த வயதில் காருக்கு மாறுவது என்பவை அடுத்து வந்தன. ஒரே பதில் எல்லாக் குடும்பத்துக்கும் பொருந்தாது. எனினும், கடன் வாங்கி முதல் பருவத்தில் இறங்க வேண்டாம் என்று நம் மூத்தவர்கள் சொல்வதை நானும் வழிமொழிகிறேன். டயர், எரிபொருள், தங்குமிடம், விபத்துக்குப் பின் பழுது எனச் செலவு நுழைவுக் கட்டணத்தோடு நிற்பதில்லை. ஒரு பயிற்சி நிறுவனம் விளம்பரத்தில் சொன்ன கட்டணத்துக்கும் பின்னர் வாங்கிய தொகைக்கும் பெரிய வேறுபாடு இருந்ததாக உறுப்பினர் ஒருவர் முறையிட்டார். எழுத்து மூலமாக விவரம் பெறாமல் யாருக்கும் முன்பணம் கொடுக்காதீர்கள். ஓட்டுநராக வாய்க்காத பிள்ளைக்கும் இந்த விளையாட்டில் இடமுண்டு என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். கோவையில் மெக்கானிக்கல் படிக்கும் மாணவர்கள் சிலர் இவ்வாண்டு அணிகள் கார்களைப் பராமரிக்கும் பிட் பகுதியில் உதவியாளர்களாகப் பணிசெய்து, காரின் தரவுப் பதிவுகளைப் படிக்கக் கற்றுக்கொண்டார்கள். அவர்களைப் பற்றி எனக்கு மிகுந்த பெருமை.

பெண் மார்ஷல்கள் சேர்ந்திருப்பதை மகிழ்ச்சியுடன் பதிவு செய்கிறேன். அவர்களுக்கான உடைமாற்றும் இடமும் கழிப்பறையும் கொடிக் காவல் இடங்களுக்கு எட்டும் தொலைவில் இல்லை என்ற குறையைத் தட நிர்வாகத்திடம் எழுத்து மூலமாகத் தெரிவித்துள்ளோம். இது சலுகைக் கோரிக்கையன்று. காலை முதல் மாலை வரை வெயிலில் நிற்பவருக்கு இருக்கவேண்டிய அடிப்படை வசதி. பந்தய நாட்களில் செட்டிபாளையம் சாலையில் ஏற்படும் நெரிசலால் ஊர்மக்கள் படும் சிரமத்தையும் நாம் கருத்தில் கொள்ள வேண்டும். உறுப்பினர்கள் தத்தம் வாகனங்களில் தனித்தனியே வராமல் சேர்ந்து வரும் ஏற்பாட்டை அடுத்த பருவத்திலிருந்து கட்டாயமாக்கலாம் என்பது செயற்குழுவின் பரிந்துரை.

வரும் ஆண்டுக்கு மூன்று கோரிக்கைகளைப் பொதுக்குழுவின் முடிவுக்கு விடுகிறேன். நனைந்து நைந்துபோன கொடிகளை முழுமையாக மாற்றுவதற்கான தொகையைப் பொருளாளர் தம் அறிக்கையில் குறித்துள்ளார். அதனைக் காலந்தாழ்த்தாமல் அனுமதிக்க வேண்டும். மார்ஷல் பயிற்சியை ஆண்டுக்கொரு முறை என்பதிலிருந்து ஒவ்வொரு சுற்றுக்கும் முன்பாக என மாற்ற வேண்டும். கார்ட்டிங்கில் திறமை காட்டும் வசதி குறைந்த பிள்ளைகளுக்கு எல்.ஜி.பி. காரில் ஒருநாள் ஓட்டிப் பார்க்கும் வாய்ப்பைப் பெற்றுத்தர, அணிகளுடன் பேச ஒரு துணைக்குழு அமைக்க வேண்டும். அத்துணைக்குழுவில் பணியாற்ற விரும்புவோர் இக்கூட்டம் முடியும் முன் தம் பெயரைக் கொடுக்கலாம்.

நம்மோடு தோளோடு தோள் நின்ற மருத்துவக் குழுவினர், தீயணைப்புப் பணியாளர்கள், மீட்பு வண்டி ஓட்டுநர்கள், விடியலுக்கு முன்பே உணவுப் பொட்டலங்களைக் கொண்டுவந்து சேர்த்த உறுப்பினர்களின் குடும்பத்தார் அனைவருக்கும் சங்கத்தின் சார்பில் நன்றி தெரிவித்து, இவ்வறிக்கையைப் பொதுக்குழுவின் ஒப்புதலுக்குச் சமர்ப்பிக்கிறேன்.

இங்ஙனம்,
செயலாளர்