அரைஞாணைக் கழற்றிவிட்டுப் போ

அன்புள்ள முகிலா,

மியூனிக்கில் ஆபீஸ் நண்பர்கள் சவுனாவுக்கு, அதாவது சூடேற்றிய மர அறையில் உட்கார்ந்து வியர்க்கும் குளியலுக்குக் கூப்பிடுகிறார்கள், அங்கே ஜட்டிகூடப் போடக்கூடாதாமே என்று கேட்டிருந்தாய். போ. ஆனால் முதல் தடவை தனியாகப் போ. திங்கட்கிழமை மீட்டிங்கில் பார்க்க வேண்டிய முகங்கள் பக்கத்தில் இருந்தால், தொப்பையை எக்கிப் பிடிப்பதிலேயே நேரம் போய்விடும்.

துண்டு இரண்டு வேண்டும். ஒன்று உடம்பு துடைக்க. இன்னொன்று ஆள் நீளத்துக்கு. பலகையில் விரித்து அதன்மேல் உட்கார வேண்டும், பாதமும் துண்டின் மேல்தான். வியர்வை மரத்தில் படக்கூடாது என்பதுதான் அங்கே முதல் விதி. அம்மணமாக இருப்பதற்கு யாரும் திரும்பிப் பார்க்க மாட்டார்கள், துண்டில்லாமல் உட்கார்ந்தால் சண்டைக்கு வருவார்கள். செருப்பை வாசலில் விடு. அரைஞாண் கொடி, சங்கிலி, மோதிரம் எல்லாம் லாக்கரில். 90 டிகிரியில் வெள்ளி சுட்டு, இடுப்பைச் சுற்றிக் கோடு போட்டுவிடும்.

முதலில் குளித்து, நன்றாகத் துவட்டிக்கொள். ஈர உடம்பு வியர்க்க நேரமாகும். மேல் படியில்தான் சூடு அதிகம், நீ கீழ்ப் படியில் உட்கார். 8 நிமிடம் போதும். படுத்திருந்தால் கடைசி 2 நிமிடம் எழுந்து உட்கார். சட்டென்று எழுந்தால் தலை சுற்றும். வெளியே வந்து கொஞ்சம் காற்று வாங்கி, பிறகு பச்சைத் தண்ணீர், காலிலிருந்து மேலே. கால் மணி நேரம் ஓய்வு. இரண்டு சுற்று போதும். பீர் குடிப்பதானால், சுற்றெல்லாம் முடிந்த பிறகுதான்.

கண்ணை எங்கே வைப்பது என்றுதானே பயம்? பேசினால் முகத்தைப் பார், பேசாவிட்டால் மணற்கடிகாரத்தைப் பார். முதல் ஐந்து நிமிடம் எல்லோரும் உன்னையே பார்ப்பதுபோல இருக்கும். அப்புறம் எதிர்ப் பலகையில் ஆபரேஷன் தழும்பு, தொங்கும் வயிறு, நரம்பு புடைத்த கால் என்று சாதாரண உடம்புகள் தெரியும். உன் மார்பைப் பற்றி நீ படும் கவலைக்கு அங்கே ஆள் கிடைக்காது. உடம்பை நேசிக்க வேண்டும் என்றெல்லாம் கிளம்பாதே. அது இன்னொரு பரீட்சையாகிவிடும். அளப்பதை நிறுத்தினால் போதும்.

லண்டன் கோல்ட்ஸ்மித்ஸ் கல்லூரியின் உளவியலாளர் கியோன் வெஸ்ட் 2020இல் வெளியிட்ட ஆய்வில், 51 பேரில் ஒரு பகுதியினரை உடையோடும் மற்றவர்களை உடையில்லாமலும் பழகவிட்டுப் பார்த்தார். உடையில்லாதவர்களுக்குத் தங்கள் உடம்பின்மேல் மதிப்பு கூடியது. பிறர் என்ன நினைப்பார்களோ என்ற பதற்றம் குறைந்ததுதான் காரணம் என்கிறார். சின்ன ஆய்வுதான், ஆனால் காரணம் சரியாகப் படுகிறது.

போன் லாக்கரைவிட்டு வெளியே வரக்கூடாது. கூட வருகிறவருக்கு இஷ்டமில்லை என்றால் வற்புறுத்தாதே.

கோடையில் மியூனிக்கிலேயே ஆங்கிலப் பூங்காவின் ஷோன்ஃபெல்ட் புல்வெளியில் துணியில்லாமல் வெயில் காயலாம், அனுமதி உண்டு. நம் கறுப்புத் தோலும் கருகும். சன்ஸ்க்ரீன் முழு உடம்புக்கு 30 மில்லிக்குக் குறையாமல், 2 மணி நேரத்துக்கு ஒருமுறை. இதுவரை வெயிலே படாத இடத்துக்கு முதலில் தடவு.

அன்புடன்,
அப்பா